படித்துக் காட்டியவன்

உதகமண்டலத்து அரசு கலைக் கல்லூரி வளாகத்தினுள் பழைய கட்டடம் ஒன்று இருக்கிறது. கோயமுத்தூர்க் கலெக்டராக இருந்த ஜான் சல்லிவன் என்னும் ஆங்கிலேயர் 1822ஆம் ஆண்டில் எழுப்பத் தொடங்கிய மாளிகை அது. மலைமக்கள் அதனைக் கல்பங்களா என்று அழைத்தனர். மத்ரஸா மாணவர்கள் சிலரை ஒரு விடுமுறை நாளில் அங்கே அழைத்துச் சென்றிருந்தேன். இந்த மலையில் சல்லிவன் தோடர்களிடமிருந்து ஏக்கருக்கு ஒரு ரூபாய் வீதம் நிலம் வாங்கினார் என்று நான் சொன்னதும் பிள்ளைகள் சிரித்தார்கள். இன்றைய உதகையில் ஒரு சென்ட் நிலம் என்ன விலைக்குப் போகிறது என்பதை அவர்களும் அறிவார்கள். சிரிக்காத பையன் ஒருவன் மட்டும் கேட்டான்:

“ஹஜ்ரத், வித்தவங்களுக்குத் தாங்க விக்கிறோம்னு தெரியுமா?”

அவனுடைய தந்தை திருப்பூரில் பனியன் தைக்கும் சிறு யூனிட் ஒன்றை நடத்துபவர். ஆங்கிலத்தில் வந்த ஆர்டர் தாளில் புரிந்தும் புரியாமலும் கையொப்பமிட்டுவிட்டு, சரக்குத் தாமதமானபோது விமானக் கட்டணம் முழுவதையும் தம் தலைமேல் ஏற்றுக்கொண்டு நொந்தவர். அந்த வீட்டுப் பிள்ளைக்கு இப்படியொரு கேள்வி தோன்றியதில் வியப்பில்லை. எனக்கோ அக்கேள்வி வேறோரிடத்தில் சென்று தைத்தது. அதனைப் பின்னர்ச் சொல்கிறேன்.

விற்றவர்களுக்குத் தெரியுமா? முதலில் தோடர்களின் செய்தியைப் பார்ப்போம். 1799ஆம் ஆண்டில் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்து திப்பு சுல்தான் ஷஹீதான பின்பு, மைசூர் நாடு கூறுபோடப்பட்டது. அந்தப் பங்கீட்டில் கோயமுத்தூர்ச் சீமையும் நீலகிரியும் கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு வந்தன. எருமை மேய்த்துக்கொண்டு மலையுச்சியில் வாழ்ந்த தோடர்களை ஒருவரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மலை கைமாறிய சேதியே அவர்களுக்கு எட்டியிராது. சல்லிவன் மலையேறியது 1819ஆம் ஆண்டு. ஆகவே அவர் நிலம் வாங்கச் சென்றபோது, கம்பெனியின் கணக்கில் அந்த நிலம் ஏற்கெனவே கம்பெனியுடையதாக இருந்தது. தோடர்களின் கணக்கில் அது எப்போதும் தோடர்களுடையதாகவே இருந்தது. இரண்டு கணக்குகளுக்கும் நடுவே ஒரு ரூபாய் கைமாறிற்று.

அந்த ஒரு ரூபாயைத் தோடர்கள் என்னவென்று நினைத்து வாங்கியிருப்பார்கள்? மலையில் பயிர் செய்த படகர்கள் தங்கள் விளைச்சலில் ஒரு பங்கு தானியத்தைத் தோடர்களுக்குக் கொடுத்துவரும் வழக்கம் இருந்தது. கூடு என்பது அதன் பெயர். மலைக்கு முன்னவர் நீங்கள், உங்கள் மண்ணில் நாங்கள் உழுகிறோம் என்று ஒப்புக்கொள்ளும் அடையாளமாகத் தோடர்கள் அதனைக் கொண்டார்கள். தானியத்தைப் பெற்றுக்கொண்டதால் மண்ணை இழந்துவிட்டதாக எவரும் எண்ணவில்லை. வெள்ளைக்காரர் கொடுத்த வெள்ளிப் பணமும் அவர்கள் கண்ணுக்கு இன்னொரு கூடாகவே பட்டிருக்கலாம் என்பது என் ஊகம். கொடுத்தவர் அதை விலை என்று எண்ணினார். வாங்கியவர் மரியாதை என்று எண்ணினார். தோடர் மொழிக்கு எழுத்து வடிவம் இல்லை. எனவே இருவருள் ஒருவருடைய எண்ணமே தாளில் ஏறியது.

சல்லிவனைக் கொடியவர் என்று சொல்ல என் மனம் இசையவில்லை. மலை நிலத்தின் உரிமையாளர் தோடரே என்று சென்னை அரசோடு வழக்காடியவரும் அவர்தாம். ஆளுநராயிருந்த லஷிங்டன் அதனை ஏற்கவில்லை. தோடர்களுக்கு உள்ளது மேய்ச்சல் உரிமை மட்டுமே என்னும் கட்சி வலுப்பெற்றது. பிற்காலத்தில் மந்துகளைச் சுற்றி ஓரளவு நிலத்தைப் பட்டாவாக ஒதுக்கினார்கள். 1882ஆம் ஆண்டில் சென்னை மாகாணத்துக்கு வனச்சட்டம் வந்தது. தேயிலையும் யூகலிப்டஸும் சீகை மரமும் புல்வெளிகளை மூடின. இன்று தோடர்களின் தொகை ஏறத்தாழ இரண்டாயிரமே. ஒத்தக்கல் மந்து என்னும் அவர்களுடைய ஊர்ப் பெயர்தான் ஊட்டக்கமண்ட் என்று திரிந்து, பின்பு உதகமண்டலம் என்று செந்தமிழ் உடை உடுத்திக்கொண்டது என்பார்கள். ஊரில் அவர்களுக்கு எஞ்சியது பெரும்பாலும் அந்தப் பெயர்தான். அதையும் எத்தனை பேர் அறிவார்கள்?

நம் பக்கத்து மலைமக்களோடு அரசாங்கங்கள் முறையான உடன்படிக்கை எழுதியதில்லை. எழுதிய தேசங்களில் நிலைமை சிறப்பாக இருந்ததா என்று பார்த்தால், அங்கும் அதே கேள்விதான் வந்து நிற்கிறது. நியூசிலாந்து நாட்டில் 1840ஆம் ஆண்டு பிப்ரவரி 6ஆம் நாள் வைத்தாங்கி என்னுமிடத்தில் பிரிட்டிஷ் அரசியின் பிரதிநிதியான ஹாப்சனும் மாவோரித் தலைவர்களும் ஓர் உடன்படிக்கையில் ஒப்பமிட்டனர். ஆங்கில வாசகத்தை மாவோரி மொழியில் பெயர்க்கும் பணி ஹென்றி வில்லியம்ஸ் என்னும் பாதிரியாரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவரும் அவர் மகனும் ஒரே இரவில் அதைச் செய்து முடித்தார்கள். ஒரு நாட்டின் தலையெழுத்து ஓர் இரவில் மொழிபெயர்க்கப்பட்டது! அரபிக் கிதாபின் ஒரு பக்கத்தைத் தமிழாக்க மூன்று இரவுகள் விழித்திருந்த அனுபவம் எனக்குண்டு. ஆகவே இந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு நெஞ்சு திடுக்கிட்டது.

ஆங்கில வாசகத்தின் முதல் விதி, தலைவர்கள் தங்கள் இறையாண்மையை முழுமையாக அரசிக்கு விட்டுக்கொடுக்கிறார்கள் என்றது. மாவோரி வாசகத்தில் அந்த இடத்தில் ‘காவானதங்கா’ என்னும் சொல் நின்றது. கவர்னர் என்னும் ஆங்கிலச் சொல்லை மாவோரி நாவுக்கேற்பக் ‘காவானா’ என்றாக்கி, அதிலிருந்து வார்த்த புதுச்சொல் அது. நிர்வாகம், மேற்பார்வை என்று அதற்குப் பொருள் கொள்ளலாம். அடுத்த விதியிலோ, தங்கள் நிலங்களின் மீதும் ஊர்களின் மீதும் தலைவர்களுக்குள்ள முழுத் தலைமை உறுதி செய்யப்பட்டிருந்தது. படித்துக் காட்டக் கேட்ட தலைவர் என்ன நினைத்திருப்பார்? எங்கள் தலைமை எங்களிடமே. வந்தேறிகளைக் கட்டுப்படுத்த ஒரு கவர்னர் இருந்துவிட்டுப் போகட்டும் என்றுதானே? ஐந்நூறுக்கு மேற்பட்ட தலைவர்கள் ஒப்பமிட்டனர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் ஒப்பமிட்டது மாவோரி வாசகத்தில். அரசாங்கம் நடைமுறைப்படுத்தியதோ ஆங்கில வாசகத்தை.

இதற்கென 1975ஆம் ஆண்டில் வைத்தாங்கித் தீர்ப்பாயம் ஒன்று அமைந்தது. 1840இல் அந்தத் தலைவர்கள் இறையாண்மையை விட்டுக்கொடுக்கவில்லை என்று 2014ஆம் ஆண்டில் அது முடிவு கூறியது. ஒரு சொல்லின் பொருளை விளங்கிக்கொள்ள 174 ஆண்டுகள்! அதன் பின்பும் வழக்கு ஓயவில்லை. உடன்படிக்கையின் கோட்பாடுகளுக்குப் புதுப்பொருள் கூற வந்த மசோதா ஒன்று 2025 ஏப்ரலில் நாடாளுமன்றத்தில் தோற்றது. அதற்கு முன்பு பல்லாயிரவர் அதனை எதிர்த்து நடைப்பயணம் வந்தனர்.

கனடாவில் இன்னொரு விந்தை. 1850ஆம் ஆண்டின் ராபின்சன் உடன்படிக்கைகளின்படி, ஏரிப்புறத்து மக்களுக்கு ஆண்டுதோறும் ஒரு தொகை வழங்கவேண்டும். நிலத்தின் வருவாய் பெருகினால் அதுவும் பெருகவேண்டும். 1875ஆம் ஆண்டில் தலைக்கு 4 டாலர் ஆயிற்று. அதன்பின் கனிமமும் மரமும் கோடிகோடியாய் விளைந்த நிலத்தில், அந்த 4 டாலர் மட்டும் 4 டாலராகவே நின்றுவிட்டது. அரசு தன் வாக்கை மானக்கேடான முறையில் மீறியது என்று அந்நாட்டு உச்சநீதிமன்றம் 2024ஆம் ஆண்டில் தீர்ப்பளித்தது.

நம் தேசத்திலும் ஒன்று உண்டு. 1947 ஜூன் மாதத்தில் அஸ்ஸாம் ஆளுநர் சர் அக்பர் ஹைதரி கோஹிமாவில் நாகர் தலைவர்களோடு ஒன்பது அம்ச ஒப்பந்தம் ஒன்றைச் செய்தார். ஒன்பதாம் அம்சத்தில் ஒரு பத்தாண்டுத் தவணை. அது முடிந்ததும் ஒப்பந்தத்தை நீட்டிப்பதா, புதிய உடன்பாடு காண்பதா என்று நாகர் மன்றத்தைக் கேட்கவேண்டும் என்றிருந்தது. ‘புதிய உடன்பாடு’ என்பதற்குத் தனித்துப்போகும் உரிமையும் அடங்கும் என்று நாகர்கள் கொண்டார்கள்; இந்திய எல்லைக்குள்ளேயே என்று அரசு கொண்டது. ஓர் அம்சத்தின் இரண்டு பொருளுக்கிடையே எத்தனை உயிர்கள் போயின என்பதை அந்த மலைகள் அறியும். 2015 ஆகஸ்டில் கையொப்பமான கட்டமைப்பு ஒப்பந்தத்தின் வாசகம் குறித்தும் இரு தரப்பாரும் இருவிதமாகவே பேசி வந்திருக்கிறார்கள்.

பத்தாண்டுத் தவணை என்றதும் நம்மவர்க்கு ஹுதைபிய்யா நினைவுக்கு வரும். ஹிஜ்ரி 6ஆம் ஆண்டில் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மக்கத்துக் குறைஷியரோடு செய்த அந்த உடன்படிக்கையை நாம் பிள்ளைகளுக்குப் பொறுமையின் பாடமாகவே சொல்லிவருகிறோம். எழுதப்பட்ட விதத்தையும் சற்றே கவனிக்கவேண்டும். எதிர்த்தரப்பின் தூதராக வந்த சுஹைல் இப்னு அம்ரு ஒவ்வொரு சொல்லையும் மறித்தார். தொடக்கச் சொற்களே கூடாதென்றார், மாற்றப்பட்டன. இறைத்தூதர் என்று எழுதக்கூடாது, தந்தை பெயரோடு எழுதுங்கள் என்றார். எழுதிக்கொண்டிருந்த அலீ (ரலி) அவர்களுக்கு அதை அழிக்க மனம் வரவில்லை. நாயகமே (ஸல்) அழித்தார்கள். நம் உள்ளம் நோகும் காட்சிதான். ஆயினும் அங்கே சொற்களைப் பற்றிய சண்டை முழுவதும் ஒப்பத்துக்கு முன்பே நடந்து முடிந்தது. இரு தரப்பார்க்கும் ஒரே மொழி. எந்தச் சொல்லுக்கு என்ன கனம் என்று இருவருமே அறிவர். சுஹைலின் மகன் அபூஜந்தல் (ரலி) விலங்கோடு ஓடிவந்தபோது, கண்ணெதிரே அவரைத் திருப்பி அனுப்பும் அளவுக்கு அந்த எழுத்து மதிக்கப்பட்டது. வைத்தாங்கியிலும் கோஹிமாவிலும் அந்தச் சண்டை ஒப்பத்துக்குப் பின்னரே தொடங்கியது. நீலகிரியில் சண்டை போட ஒரு தாள்கூடத் தோடரிடம் இல்லை.

இனி, அந்தப் பையனின் கேள்வி எனக்குள் தைத்த இடத்தைச் சொல்கிறேன்.

2006ஆம் ஆண்டில் நான் உடுமலைப்பேட்டையில் இருந்தேன். மத்ரஸாவில் ஓதிக்கொடுப்பதோடு, எழுதப் படிக்கத் தெரியாதோர்க்கு மனு எழுதித் தருவதும் உண்டு. அதற்குக் கூலி வாங்குவதில்லை. மலையிலிருந்து தேனும் தைலப்புல் எண்ணெயும் கொண்டுவந்து சந்தையில் விற்கும் முதுவர் ஒருவர் எனக்குப் பழக்கம். அவர் ஒரு நாள் மாலை ஒரு ஏஜெண்டோடு வந்தார். அவருடைய 17 வயது மகளை நூற்பாலை ஒன்றில் சேர்ப்பதற்கான தாள் அது. அந்நாளில் நம் பகுதியில் சுமங்கலித் திட்டம் என்று பெயர் பெற்றிருந்த முறை: பெண்பிள்ளைகள் ஆலை விடுதியிலேயே தங்கி மூன்றாண்டு வேலை செய்யவேண்டும், முடிவில் கல்யாணச் செலவுக்கென்று ஒரு மொத்தத் தொகை.

“வாத்தியாரய்யா, இதுல என்ன எழுதியிருக்குதுன்னு படிச்சுச் சொல்லுங்க. நீங்க சொன்னாச் சரி,” என்றார்.

அஸர் தொழுகைக்கு நேரம் நெருங்கிக்கொண்டிருந்தது. நான் முதல் பக்கத்தைப் படித்தேன். மறுபக்கத்தைப் புரட்டி, கண்ணை ஓட்டிவிட்டு, “மூணு வருஷம் முடிஞ்சதும் முப்பதாயிரம் தருவாங்க. சாப்பாடு, தங்குறது அவங்க பொறுப்பு. அவ்வளவுதான்,” என்றேன். அவர் பெருவிரலை மையில் தோய்த்து வைத்தார். ஏஜெண்ட் எனக்கு ஸலாம் கூறிச் சென்றார்.

இரண்டாண்டு எட்டு மாதம் கழித்து அந்தப் பெண் இருமலோடும் மூச்சுத் திணறலோடும் மலைக்குத் திரும்பினாள். பணம் கேட்கப் போன தந்தையை ஆலையில் திருப்பி அனுப்பிவிட்டார்கள். அவர் என்னிடம் வந்தார். நான் கோபத்தோடு அவரைக் கூட்டிக்கொண்டு அங்கே போனேன். மேஜைக்கு அப்பால் இருந்தவர் அமைதியாகத் தாளைப் புரட்டி, மறுபக்கத்தின் அடியில் விரல் வைத்தார். மூன்றாண்டுகளை இடைவிடாது நிறைவு செய்யாதவர்க்குத் தொகையில் எவ்வித உரிமையும் இல்லை. நோய்க்காக எடுத்த விடுப்பு நாள்களும் கணக்கில் சேரா. தமிழில்தான் எழுதியிருந்தது. தெளிவான தமிழ். எனக்குப் படிக்கத் தெரிந்த தமிழ்.

திரும்பி வரும்போது பேருந்தில் அவர் நெடுநேரம் பேசவில்லை. கடைசியில், “நீங்க படிச்சது ஒண்ணு, அங்க இருக்கிறது வேறொண்ணா இருக்குதுங்களே அய்யா,” என்றார். அதில் குற்றச்சாட்டு இல்லை. அதிசயித்தவர்போலச் சொன்னார். அந்த முப்பதாயிரத்தில் ஒரு பகுதியை நான் கொடுக்க முனைந்தபோது வாங்க மறுத்துவிட்டார். “உங்க கையிலயா வேலை செஞ்சா?” என்று கேட்டார்.

திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் கடன் பத்திரம் எழுதுவதைப் பற்றியது என்பதை ஓதியவர்கள் அறிவார்கள். ஸூரத்துல் பகராவில் இருக்கிறது. எழுதுபவன் இரு தரப்பாருக்கும் நடுவே நீதியோடு எழுதவேண்டும் என்றும், சொல்லி எழுதவைக்க இயலாத பலவீனருக்காக அவருடைய பொறுப்பாளர் நீதியோடு சொல்லவேண்டும் என்றும் அது விதிக்கிறது. எத்தனையோ முறை அதற்கு விரிவுரை ஓதிக்கொடுத்தவன் நான். பிள்ளைகளிடம் அதன் இலக்கண நுட்பங்களைக் கேட்டு மடக்கியிருக்கிறேன். அன்று மாலை அந்த மையும் தாளும் என் முன்னே இருந்தபோது, அந்தப் பலவீனருக்குப் பொறுப்பாளர் நான்தான் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. பாதிரியார் வில்லியம்ஸைப் பற்றிப் பிற்காலத்தில் படித்தபோது, வேண்டுமென்றே ஏமாற்றினாரா, அவசரத்தில் தவறினாரா என்று அறிஞர்கள் வாதிடுவதையும் கண்டேன். கைநாட்டு வைத்தவருக்கு அதனால் வேறுபாடு ஏதுமில்லை.

2006ஆம் ஆண்டின் இறுதியில் நம் நாடாளுமன்றம் வன உரிமைச் சட்டத்தை நிறைவேற்றியது. அது உடன்படிக்கை அன்று, சட்டந்தான். ஆயினும் வனவாசிகளுக்கு வரலாற்று அநீதி இழைக்கப்பட்டது என்பதை அதன் முகவுரையிலேயே அரசு ஒப்புக்கொண்டது. 2005 டிசம்பர் 13க்கு முன்பிருந்தே தங்கள் அனுபவத்திலுள்ள நிலத்துக்கு, 4 ஹெக்டேர் வரம்புக்குள், மலைவாழ் குடும்பங்கள் உரிமை கோரலாம். கோரிக்கையை முதலில் ஆராய்வது கிராம சபை. உடுமலை, அமராவதி வனச்சரகங்களில் குருமலை, குழிப்பட்டி, மாவடப்பு, தளிஞ்சி, மஞ்சம்பட்டி, கரட்டுப்பதி என்று பல குடியிருப்புகள் உள்ளன. 2007இல் அந்தக் காடு ஆனைமலைப் புலிகள் காப்பகத்துள் அடங்கியது. 2009இல் உடுமலை வட்டம் கோயமுத்தூரைவிட்டுத் திருப்பூர் மாவட்டத்தில் சேர்ந்தது. மாவட்டமும் காப்பகமும் மாறின. வீட்டுக்கும் கொல்லைக்கும் மட்டும் தாள் இல்லை. அந்தச் சட்டத்தின் விதிகளில் ஒரு சிறப்பு இருக்கிறது. உரிமை கோருவோர் அல்லாத முதியோர் சொல்லும் வாய்மொழியை எழுத்தில் பதிந்தால், அதுவும் சான்றாகும். நாவிலிருந்து நாவுக்கு வந்த செய்தியை ஆள் பார்த்து ஏற்கும் அறிவிப்பாளர் இயலைப் படித்த எனக்கு, அரசாங்கத்தின் விதிநூலில் அதைக் கண்டது பெருமகிழ்ச்சி.

அதற்குச் சில ஆண்டுகளுக்குப் பின், அந்த முதுவரே திருப்பூருக்கு என்னைத் தேடிவந்தார். மகளுக்கு மணமாகி, குழந்தையும் இருப்பதாகச் சொன்னார். மூச்சு இன்னும் சில நாள் வாங்குகிறதாம். “எங்க பெரியப்பன் சொல்லுறதை எழுதோணுங்க. எழுத ஆளுக இருக்காங்க. ஆனா நீங்க வந்தாத் தேவலை. இந்தத் தடவை பின்பக்கத்தையும் படிச்சுச் சொல்லுங்க,” என்றார். சொல்லிவிட்டுச் சிரித்தார். நான் சிரிக்கவில்லை.

மலைமேல் நடந்து சென்று சேர நண்பகலாயிற்று. பெரியவருக்கு எண்பதுக்கு மேல் வயதிருக்கும். திண்ணையில் அமர்ந்து, கண்ணை மூடியபடி சொல்லிக்கொண்டே வந்தார். எந்தப் பலாமரம் யார் நட்டது, எந்த ஓடை வரைக்கும் கேழ்வரகு விதைத்தது, பாட்டனைப் புதைத்த இடம், யானை வந்த வருஷம் குடிசைகளை எங்கே மாற்றினார்கள் என்பதெல்லாம். நான் எழுதினேன். எழுதி முடித்ததும், இரு பக்கங்களையும் முதலிலிருந்து உரக்கப் படித்துக் காட்டத் தொடங்கினேன். மூன்றாவது வரியில் அவர் கையை உயர்த்தினார்.

“என்னங்க சொன்னீங்க? மறுக்காச் சொல்லுங்க.”

படித்தேன். “நாங்கள் தலைமுறை தலைமுறையாக அரசு வனத்தில் குடியிருந்து வருகிறோம்.”

“அரசு வனம்னு நான் சொல்லலைங்களே. எங்க காடுன்னுதானுங்க சொன்னேன்.”

மனு எழுதி எழுதிப் பழகிய கை. அவர் வாயில் வராத சொல்லைத் தானாகவே எழுதியிருக்கிறது. அவர் பார்த்துக்கொண்டிருக்க, அந்த இரண்டு சொற்களின் மேல் கோடு கிழித்து, மேலே ‘எங்கள் காட்டில்’ என்று எழுதி, ஓரத்தில் என் சுருக்கொப்பத்தையும் இட்டேன். அவர் தாளை வாங்கி, கோடு கிழித்த இடத்தை விரலால் தடவிப் பார்த்துவிட்டு என்னிடமே திருப்பிக் கொடுத்தார்.

“முதல்ல இருந்து படிங்க,” என்றார்.